ரீச்சரிடம் கேளுங்கள்: சிவப்புப் பேனையும் ஆங்கிலமும்

இந்த முறை வந்த கடிதங்களில் பாதிக்கு மேல் ஆங்கில இலக்கணம் பற்றியவை. தவணைப் பரீட்சை விடைத்தாள்கள் வீட்டுக்கு வந்திருக்கின்றன போலும். மற்றக் கேள்விகளை அடுத்த இதழுக்கு வைத்துவிட்டு, இவற்றையே எடுத்துக்கொள்கிறேன்.

*

என் மகள் சாதாரண தரம் படிக்கிறாள். 'எவ்ரி ஸ்டூடன்ட் மஸ்ட் பிரிங் தெயர் புக்' என்று எழுதியதற்கு, 'தெயர்' என்பதை வெட்டி 'ஹிஸ்' என்று போட்டு ஒரு புள்ளியைக் குறைத்துவிட்டார்கள். மகள் ஃபோனில் தேடிப் பார்த்துவிட்டு 'தெயர்' சரி என்று நிற்கிறாள். ரீச்சர் பிழை என்கிறார். நான் யார் பக்கம் நிற்பது?
– ஒரு தாய், உப்புவெளி

மகள் பக்கம் நில்லுங்கள் தங்கச்சி, ஆனால் பாடசாலைக்குப் போய்ச் சண்டை பிடிக்க வேண்டாம். அந்த ரீச்சர் தான் படித்ததைத்தான் திருத்தியிருக்கிறார். நானும் முப்பது வருசம் அதே 'தெயர்'களை வெட்டியவள்தான், அதுவும் பெண் பிள்ளைகள் மட்டுமே இருந்த வகுப்பில். அங்கே யாருடைய 'ஹிஸ்' என்று ஒரு பிள்ளையும் கேட்கவில்லை, எனக்கும் தோன்றவில்லை.

விசயம் இதுதான். 'ஸ்டூடன்ட்' ஒருமை, 'தே' பன்மை, இரண்டும் ஒட்டாது என்பது கணக்குப் போல நேராகத் தெரிகிற வாதம். ஆனால் ஆங்கிலேயர் 14ஆம் நூற்றாண்டிலிருந்தே ஆளின் பால் தெரியாத இடத்தில் 'தே', 'தெயர்' என்று எழுதி வந்திருக்கிறார்கள். ஷேக்ஸ்பியர் எழுதினார். நாவல் எழுதிய ஜேன் ஒஸ்டின் 'எவ்ரிபடி' என்று தொடங்கி 'தெயர்' என்று முடிப்பதை வழக்கமாகவே வைத்திருந்தார். 18ஆம் நூற்றாண்டின் நடுப்பகுதியில் இலக்கண நூல்கள் பெருகியபோதுதான் 'ஹி' இரண்டு பாலுக்கும் பொது என்ற விதி எழுதப்பட்டது, அதை முதலில் எழுதியவர்களில் ஒருவர் ஆன் ஃபிஷர் என்ற பெண், அவரும் ஒரு பள்ளிக்கூடம் நடத்தியவர் (எங்கள் சாதிதான்!). 1850இல் பிரித்தானியப் பாராளுமன்றம், சட்டங்களில் வரும் ஆண்பாற் சொல் பெண்களையும் சேர்த்தே குறிக்கும் என்று ஒரு சட்டமே செய்தது. ஆக, உங்கள் மகளுடைய விடைத்தாளில் விழுந்த சிவப்புக் கோடு கிட்டத்தட்ட 270 வருசப் பழையது. அவள் எழுதிய 'தெயர்' அதைவிடப் பழையது. மெரியம் வெப்ஸ்டர் அகராதிக்காரர்கள் 2019இல் 'தே' என்பதையே ஆண்டின் சொல்லாக அறிவித்தார்கள். அதைப் புதுமோகம் என்று நினைத்தவர்களில் நானும் ஒருத்தி, பிறகு வாசித்துப் பார்த்துத்தான் வாயை மூடினேன்.

ஜேன் ஒஸ்டின் பெயரைச் சும்மா இழுக்கவில்லை. அவருடைய தம்பி சார்ள்ஸ் ஒஸ்டின், பிரித்தானியக் கடற்படையில் ரியர் அட்மிரல், 1852இல் பர்மாவில் இறந்தவர், அடக்கம் செய்யப்பட்டது எங்கள் திருகோணமலையில். ஒருமுறை உயர்தர வகுப்புப் பிள்ளைகளை அந்தப் பழைய மயானத்துக்குக் கூட்டிக்கொண்டு போனேன். புல் முழங்கால் வரைக்கும். ஒருத்தி செருப்பைக் கையில் எடுத்துக்கொண்டு நின்று, "அக்காவுடைய புத்தகத்தைப் படிக்கிறோம், தம்பி இங்கே படுத்திருக்கிறார் ரீச்சர்" என்றாள். அதே பிள்ளையின் கட்டுரையில்தான் அந்த வாரம் இரண்டு 'தெயர்' வெட்டியிருந்தேன்.

தமிழ் தெரிந்தவர்களுக்கு இதில் ஆச்சரியப்பட ஒன்றும் இல்லை என்பதுதான் எனக்குப் பிடித்த பகுதி. 'அவர் வந்தார்' என்பது பழைய தமிழில் பலர்பால், பல பேர் வந்தார்கள் என்று பொருள். ஒரே ஆளை மரியாதையாகச் சொல்ல அந்தப் பன்மையை எடுத்தோம். தொல்காப்பியரிடமே இதற்கு ஒரு சூத்திரம் இருக்கிறது: 'ஒருவரைக் கூறும் பன்மைக் கிளவியும்' என்று தொடங்கி, வழக்கில் இப்படி உயர்த்திச் சொல்கிறார்கள், ஆனால் 'இலக்கண மருங்கின் சொல்லாறு அல்ல' என்று முடிப்பார். அந்தச் சிவப்புக் கோட்டைத் தாண்டி நாங்கள் எங்கே வந்துவிட்டோம் பாருங்கள். 'அவர்' ஒருமையாகவே ஆகிவிட்டது, பன்மைக்கு 'அவர்கள்' என்று இரட்டைப் பன்மை செய்ய வேண்டி வந்தது, இப்போது அதையும் விடாமல் 'தலைவர் அவர்கள்' என்று ஒரே ஆளுக்குப் போட்டுவிட்டோம். நீ, நீர், நீங்கள் கதையும் இதேதான்.

ஆங்கிலத்தின் 'யூ'வும் ஒரு காலத்தில் பன்மை. ஒருமைக்கு 'தௌ' இருந்தது. ஒருவரை 'யூ' என்பது இலக்கணப் பிழை என்று காட்ட குவேக்கர் என்ற கிறிஸ்தவப் பிரிவைத் தொடங்கிய ஜார்ஜ் ஃபாக்ஸும் அவருடைய தோழர்களும் 1660இல் ஒரு முழுப் புத்தகமே போட்டார்கள். பல மொழிகளிலிருந்து உதாரணம் எடுத்துக் காட்டினார்கள். வாதம் சரியான வாதம். ஊர் கேட்கவில்லை.

பரீட்சைக்கு ஒரு வழி சொல்கிறேன்: 'ஓல் ஸ்டூடன்ட்ஸ் மஸ்ட் பிரிங் தெயர் புக்ஸ்' என்று எழுதச் சொல்லுங்கள். எந்தப் பேனையும் அதில் விழாது.

*

ரீச்சர், கனடாவிலிருந்து பேரன் வந்து நிற்கிறான். கோயிலுக்கு வெளிக்கிடும்போது அவனுக்கு விளங்கட்டுமே என்று 'ஐ வில் கோ அண்ட் கம்' என்றேன். விழுந்து விழுந்து சிரிக்கிறான். இங்கிலிஷில் அப்படி ஒன்று இல்லையாம்.
– அம்மம்மா ஒருத்தி, உவர்மலை

இருக்கிறது அம்மா. இலங்கை ஆங்கிலத்தில் நன்றாகவே இருக்கிறது. வாசலில் நின்று 'போறன்' என்று சொல்ல எங்களுக்கு வாய் வராது, 'போயிட்டு வாறன்' என்றால்தான் மனம் ஆறும். சிங்களத்திலும் அப்படித்தான் சொல்வார்கள். ஆங்கிலம் பேசினாலும் அந்த வழக்கம் விடவில்லை, ஆங்கிலத்தைத் தன் பக்கம் வளைத்துக்கொண்டது. 'கசின் பிரதர்', 'கசின் சிஸ்டர்' எல்லாம் இப்படி எங்கள் வீட்டுத் தேவைக்குப் பிறந்தவைதான். லண்டன்காரருக்கு அது வேண்டாம், அவர்களுக்குக் கசின் என்றால் போதும். எங்களுக்கு அண்ணன் முறையா மச்சாள் முறையா என்று தெரியாவிட்டால் பந்தியில் பக்கத்தில் உட்காரவே யோசனை வரும்.

கனடாவில் அப்படிச் சொன்னால் விளங்காமல் முழிப்பார்கள், அது உண்மை. அது இடம் பற்றிய விசயம். பேரனிடம் நீங்களும் ஒன்று கேளுங்கள்: அவன் உங்களையும் தாத்தாவையும் சேர்த்து 'யூ கைஸ்' என்று கூப்பிடுகிறானா? கட்டாயம் கூப்பிடுவான். 'கை' என்பது 1605இல் லண்டன் பாராளுமன்றத்தை வெடிவைத்துத் தகர்க்கப் போய்ப் பிடிபட்ட கை ஃபோக்ஸ் என்ற ஆளின் பெயர். வருசாவருசம் அவனுக்கு வைக்கோல் பொம்மை செய்து எரித்தார்கள், பொம்மைக்குக் 'கை' என்று பெயர், பிறகு கோலங்கெட்ட உடுப்புப் போட்டவனுக்கு, பிறகு அமெரிக்காவில் எந்த ஆம்பிளைக்கும், கடைசியில் அம்மம்மாவுக்கும். 'தௌ' செத்துப் போய் 'யூ' ஒருமை பன்மை இரண்டையும் சுமக்கத் தொடங்கியதும் பன்மைக்கு ஒரு சொல் தேவைப்பட்டது, அந்த ஓட்டையைத்தான் 'கைஸ்' அடைக்கிறது. அவன் சொல்லும் 'பை' கூட 'கோட் பி வித் யீ' என்ற ஆசீர்வாதம் தேய்ந்து தேய்ந்து மிஞ்சின துண்டுதான். கடவுள் போய்விட்டார், 'பை' நிற்கிறது.

போயிட்டு வாங்கோ.

*

வேலை செய்யும் இடத்தில் என் மேலதிகாரி நான் எழுதும் ஒவ்வொரு மின்னஞ்சலையும் திருத்துகிறார். வாக்கியத்தின் கடைசியில் 'டு', 'வித்', 'எபௌட்' வந்தால் தூக்கி முன்னால் போடுகிறார். 'டு ஃபுல்லி செக்' என்று எழுதினால் நடுவில் ஒன்றும் வரக்கூடாதாம். இவை உண்மையான விதிகளா?
– ஓர் இளைஞர், நகரத்திலிருந்து

தம்பி, இரண்டும் விதி என்ற பெயரில் உலாவும் விருப்பங்கள். முதலாவதைக் கிளப்பியவர் ஜோன் டிரைடன் என்ற கவிஞர். 1672இல், தனக்கு முந்திய பென் ஜோன்சன் எழுதிய ஒரு வரியைக் காட்டி, வாக்கியத்தின் கடைசியில் 'ஃபுரொம்' நிற்கிறதே என்று குறை சொன்னார். பிறகு தான் முன்பு எழுதியவற்றிலும் அப்படி இருப்பதைக் கண்டு, அடுத்த பதிப்பில் ஒவ்வொன்றாகத் திருத்தினாராம் பாவம். லத்தீனில் அந்தச் சொற்கள் பெயருக்கு முன்னாலேயே நிற்கும், கடைசியில் தொங்க இடமில்லை. லத்தீன் படித்தவர்களுக்கு அதுதான் அழகு. ஆங்கிலம் லத்தீன் இல்லையே.

1762இல் ரொபர்ட் லௌத் என்ற பாதிரியார், பிறகு லண்டன் பிஷப்பானவர், ஒரு சிறிய இலக்கண நூல் எழுதினார். ஷேக்ஸ்பியர், மில்டன், பைபிள் மொழிபெயர்ப்பு என்று ஒருவரையும் விடாமல் பிழை பிடித்த மனுசன். இந்த விசயத்தில் மட்டும் கொஞ்சம் இளகி, பேச்சில் பரவாயில்லை, உயர்ந்த நடைக்கு ஒத்துவராது, ஆனால் எங்கள் மொழிக்கு இதில் ரொம்பச் சாய்வு இருக்கிறது என்று எழுதுகிறார். எழுதிய அந்த வாக்கியப் பகுதியையே 'இன்க்ளைன்ட் டு' என்று 'டு'வில்தான் முடிக்கிறார். குறும்பா மறதியா, வாசிக்கிறவர்கள் தீர்மானித்துக்கொள்ளட்டும்.

'டு'வுக்கும் வினைக்கும் நடுவில் எதுவும் வரக்கூடாது என்ற பேச்சு இன்னும் பிந்தியது, 19ஆம் நூற்றாண்டினது. 1926இல் ஃபௌலர் ஆங்கில வழக்கு பற்றி எழுதிய கையேட்டிலேயே இதைக் கேலி செய்துவிட்டார்: அப்படி ஒரு விதி இருப்பதே தெரியாமல் சந்தோசமாக வாழ்கிறவர்களைப் பார்த்துப் பொறாமைப்படலாம் என்ற மாதிரி.

உங்கள் மேலதிகாரியிடம் இதையெல்லாம் கொண்டுபோய் நீட்டாதீர்கள். சம்பளம் தருகிற இடத்தில் அவர் கேட்கிற மாதிரி எழுதிக் கொடுங்கள். 'எபௌட் வட் ஆர் யூ டாக்கிங்' என்று யாராவது உங்களிடம் பேசினால் மட்டும் சிரியுங்கள்.

*

இன்றைய பிள்ளைகளின் ஆங்கிலத்தைப் பார்த்தால் கண்ணீர் வருகிறது. எங்கள் காலத்தில் 'ஷல்', 'வில்' வித்தியாசம் தெரியாதவன் எழுதுவினைஞர் வேலைக்கே வரமாட்டான். இப்போது ஃபோன் வந்து மொழி அழிகிறது. தமிழிலாவது நன்னூல் இருக்கிறது, கட்டிக் காக்கிறது. ஆங்கிலத்துக்கு நாதியில்லை.
– ஓய்வுபெற்ற அரச ஊழியர், தம்பலகாமம்

ஐயா, கோபிக்க வேண்டாம். கையெழுத்து முத்து முத்தாக இருந்தது, மூன்று தரம் வாசித்தேன். ஆனால் ஒத்துக்கொள்ள முடியவில்லை.

'ஷல்', 'வில்' விதியை எழுதி வைத்தவர் ஜோன் வாலிஸ், 1653இல், ஆங்கில இலக்கணத்தை லத்தீனில் எழுதிய புத்தகத்தில். 'ஐ', 'வீ' உடன் 'ஷல்' வந்தால் எதிர்காலம், 'வில்' வந்தால் உறுதி. மற்றவர்களுக்கு அது தலைகீழ். படிக்க அழகான விதிதான், நானும் கரும்பலகையில் கட்டம் போட்டுப் படிப்பித்திருக்கிறேன். ஸ்கொட்லாந்திலும் அயர்லாந்திலும் அமெரிக்காவிலும் அதை யாரும் பெரிதாகப் பொருட்படுத்தவில்லை, இப்போது இங்கிலாந்திலும் இல்லை.

மொழி அழிகிறது என்ற புலம்பலுக்கும் வயது உண்டு. 1712இல் ஜொனதன் ஸ்விஃப்ட், ஆங்கிலத்தைத் திருத்தி இனி மாறாதபடி நிறுத்திவைக்க ஒரு சபை வேண்டும் என்று பெரிய பிரபு ஒருவருக்குக் கடிதமே அச்சிட்டார். பிரான்ஸில் 1635இலேயே அப்படி ஒரு சபை வந்துவிட்டது. இங்கிலாந்தில் வரவே இல்லை. ஸ்விஃப்டுக்குக் கண்ணில் காட்டக் கூடாத சொற்களில் ஒன்று 'மொப்', கூட்டம் என்ற பொருளில் இன்றைக்கும் பத்திரிகையில் வருகிறதே அதே சொல். லத்தீனில் நீளமாக இருந்ததை இளைஞர்கள் பாதியில் நறுக்கிவிட்டார்கள் என்று அவருக்குக் கோபம். ஃபோன் இல்லாத காலத்துச் சுருக்கெழுத்து!

சாமுவேல் ஜோன்சனும் மொழியை நிறுத்திப் பிடிக்கலாம் என்ற எண்ணத்தில்தான் அகராதியில் கைவைத்தார். 1755இல் அது வெளிவந்தபோது முன்னுரையில் தோல்வியை ஒப்புக்கொண்டார், சொல்லுக்கு விலங்கு போடுவதும் காற்றைச் சாட்டையால் அடிப்பதும் ஒன்று என்ற கருத்தில்.

இன்னும் ஒன்று. 'த ஹவுஸ் இஸ் பீயிங் பில்ட்' என்று நீங்கள் அலுவலகத்தில் எத்தனை கடிதம் எழுதியிருப்பீர்கள்? 200 வருசத்துக்கு முன்பு அது படித்தவர் காது பொறுக்காத புதுக் கூத்து. 'த ஹவுஸ் இஸ் பில்டிங்' என்பதுதான் அன்றைக்குச் சுத்தமான ஆங்கிலம். 'இஸ் பீயிங்' என்பது இரண்டு தரம் 'இரு' என்று சொல்கிற அசிங்கம் என்று 19ஆம் நூற்றாண்டில் இங்கிலாந்திலும் அமெரிக்காவிலும் பக்கம் பக்கமாகத் திட்டினார்கள். திட்டியவர்களின் பேரப்பிள்ளைகளே அதைத்தான் எழுதினார்கள். உங்கள் தலைமுறைக்கு அது வந்து சேர்ந்தபோது யாரும் ஞாபகம் வைத்திருக்கவில்லை.

நன்னூல் காக்கிறது என்கிறீர்கள். அதன் கடைசிச் சூத்திரம் என்ன? 'பழையன கழிதலும் புதியன புகுதலும் வழுவல கால வகையி னானே.' காவல்காரரே கதவைத் திறந்து வைத்துவிட்டுப் போயிருக்கிறார் ஐயா. நாற்றம் என்றால் நல்ல மணம் என்று இருந்தது, இப்போது உங்கள் வீட்டுச் சாம்பாரை அப்படிப் புகழ்ந்து பாருங்கள், இரவுச் சாப்பாடு கடையில்தான்.

எனக்கும் சில மாற்றங்கள் பிடிப்பதில்லை, அதை மறைக்கவில்லை. 'லிட்டரலி' என்று ஒரு நிமிசத்துக்கு மூன்று தரம் சொல்லும் என் மருமகள் பிள்ளையைப் பார்த்தால் எரிச்சல் வரும். 'ஐ லிட்டரலி டைட்' என்பாள், உயிரோடு இருந்து இடியப்பம் சாப்பிட்டுக்கொண்டே. டிக்கன்ஸும் அந்தச் சொல்லை அப்படி மிகைக்கு எழுதியிருக்கிறார் என்று தெரிந்த பிறகும் எரிச்சல் போகவில்லை. எரிச்சல் என்னுடையது, பிழை அவளுடையதல்ல, அவ்வளவுதான்.

*

வெளிநாட்டுப் பயணிகளுக்கு மூதூர்ப் பக்கம் இடங்கள் காட்டும் வேலை செய்கிறேன். ரொபர்ட் நொக்ஸ் பற்றி ஒரு பலகை எழுதக் கொடுத்தேன். 'எ ஹிஸ்டோரிக்கல் பிளேஸ்' என்று எழுதினேன். ஒரு வெள்ளைக்காரப் பெரியவர் 'ஆன் ஹிஸ்டோரிக்கல்' என்றுதான் வரவேண்டும் என்றார். பலகையை மாற்றவா?
– வழிகாட்டி, மூதூர்

மாற்ற வேண்டாம், காசு மிச்சம். ஆனால் அந்தப் பெரியவர் சொன்னதும் காற்றில் வந்ததல்ல, உங்கள் நொக்ஸே அவருக்குச் சாட்சி. 1660இல் கொட்டியாரத்தில் தகப்பனோடு பிடிபட்டு, கண்டி இராச்சியத்தில் 19 வருசத்துக்கு மேல் இருந்து, 1679இல் அரிப்பு என்ற ஊருக்குத் தப்பி வந்த மனுசன், 1681இல் லண்டனில் போட்ட புத்தகத்தின் பெயர் எப்படித் தொடங்குகிறது? 'ஆன் ஹிஸ்டோரிக்கல் ரிலேஷன்...' (மேலே சொன்ன குவேக்கர்கள் 'யூ'வோடு மல்லுக்கட்டிய அதே 1660. இங்கிலாந்தில் 'தௌ' போய்க்கொண்டிருந்த காலம் முழுக்க இந்தப் பிள்ளை கண்டி மலையில் தொப்பி பின்னிக்கொண்டிருந்தது. ஒரு தொப்பியைக் கொடுத்துத்தான் ஓர் ஆங்கில பைபிளை வாங்கினாராம்.)

காரணம் சத்தம்தான், எழுத்து இல்லை. அந்தக் காலத்தில் சொல்லின் முதல் 'ஹ' பல இடத்தில் மெலிந்தோ இல்லாமலோ ஒலித்தது. 1611இல் வந்த பைபிளில் 'ஆன் ஹவுஸ்', 'ஆன் ஹன்ட்ரட்' என்றெல்லாம் இருக்கும். 'ஹ' திரும்ப வாயில் ஏறிக்கொள்ள 'ஆன்' கழன்றது. 'ஆன் அவர்', 'ஆன் ஒனஸ்ட்' இரண்டிலும் 'ஹ' திரும்பவில்லை, அதனால் 'ஆன்' நிற்கிறது. 'ஹிஸ்டோரிக்கல்' என்பதில் முதல் அசையில் அழுத்தம் இல்லாததால் பழைய வழக்கம் கொஞ்சம் பிந்தித் தங்கிவிட்டது. நீங்கள் 'ஹ' சொல்லித்தானே வாசிக்கிறீர்கள்? 'எ' போதும்.

*

ரீச்சர், நீங்கள் எப்போதாவது பிழையாகத் திருத்தி மாட்டிக்கொண்டதுண்டா?
– எட்டாம் வகுப்பு மாணவன், கிண்ணியா

உண்டு மகன். ஒரு பையன் கட்டுரையில் 'ஐ ஹேவ் கொட்டன்' என்று எழுதியிருந்தான். 'கொட்' என்று திருத்தி, பக்கத்தில் 'அமெரிக்கப் படம் பார்ப்பதைக் குறை' என்றும் எழுதிவிட்டேன், எல்லாரும் சிரிக்கிற மாதிரி வகுப்பில் வாசித்தும் காட்டினேன். அவன் ஒன்றும் பேசவில்லை.

அடுத்த நாள் காலையில் மேசையில் ஒரு கறுப்பு மட்டைப் புத்தகம். அப்பப்பாவுடைய ஆங்கில பைபிள், ஓரமெல்லாம் பழுப்பு, பூச்சி அரித்த ஓட்டை. ஆதியாகமம் 4ஆம் அதிகாரத்தில் பஸ் டிக்கெட் ஒன்று வைத்திருந்தது. முதல் வசனம், ஏவாள் காயீனைப் பெற்றுவிட்டுச் சொல்வது: 'ஐ ஹேவ் கொட்டன் எ மேன் ஃபுரொம் த லோர்ட்.' பழைய ஆங்கிலம். கப்பலேறி அமெரிக்கா போய் அங்கே உயிரோடு இருந்துவிட்டது, இங்கிலாந்தில்தான் தேய்ந்து போனது. படம் பார்த்து வந்ததல்ல, அவன் வீட்டில் இரவில் வாசிக்கிறது.

கொப்பியைத் திருப்பி வாங்கி என் கோட்டின் மேல் குறுக்கே கோடு போட்டேன். குறைத்தது ஒரு புள்ளி, முழுதும் கொடுக்க மனம் வரவில்லை, அரைப் புள்ளி போட்டேன். அவன் அதை வாங்கிப் பார்த்துவிட்டு, "மற்ற அரை, ரீச்சர்?" என்றான்.